சரக்கு சரியில்லை என்று பணத்தை நிறுத்தினால்: சென்னை வியாபாரிகளுக்கு ஒரு முழு வழிகாட்டி

பில் போட்டு 60 நாள் ஓடிவிட்டது. வசூலுக்குப் போன பையனிடம் பார்ட்டி சொல்கிறார்: "உங்க சரக்கு சரியில்லப்பா, முதலாளியை வந்து பேசச் சொல்லு." அதுவரை ஒரு போன்கூட வந்ததில்லை. பாரிமுனை கோடவுன் தெருவிலிருந்து திருமுடிவாக்கம் சிட்கோ வரை இந்த வசனத்தைக் கேட்காத சப்ளையர் இருக்க மாட்டார். எதிர்ப்பக்கமும் உண்டு. முன்பணம் கொடுத்து வாங்கிய சரக்கு நிஜமாகவே மட்டமாக வந்து, கேட்கப் போனால் "வித்த சரக்கு வித்ததுதான்" என்ற பதிலோடு திரும்பியவர்களும் ஏராளம்.

இந்தத் தகராறுகளில் சரக்கு நல்லதா மோசமா என்பதைவிட, குறையை யார், எந்தத் தேதியில், எப்படி எழுத்தில் வைத்தார்கள் என்பதுதான் பெரும்பாலும் முடிவைத் தீர்மானிக்கிறது. சரக்கு இறங்கிய முதல் 15 நாளில் உருவான காகிதங்கள் பின்னால் வக்கீல் எழுதும் நாற்பது பக்கத்தைவிட கனமானவை. அதனால் இந்த வழிகாட்டியும் கோர்ட்டில் தொடங்காமல் கிடங்கு வாசலிலேயே தொடங்குகிறது.

உதாரணத்துக்கு ஒரு கற்பனைத் தகராறை வைத்துக்கொள்வோம். அம்பத்தூரில் ஒரு சின்ன அட்டைப்பெட்டி யூனிட். மாதவரத்தில் முறுக்கு, மிக்சர் பாக்கெட் போடும் ஒரு கம்பெனிக்கு 12,000 பெட்டி, 5 ப்ளை (ஐந்து அடுக்குப் பேப்பர்), மொத்தம் 6 லட்சம் ரூபாய்க்கு அனுப்புகிறது. மாதம் நவம்பர், வெளியே மழை. அடுக்கி வைத்த பெட்டிகள் கீழ் வரிசையில் நசுங்குகின்றன. பேப்பர் மட்டம் என்கிறார் வாங்கியவர். உங்கள் கிடங்கில் தண்ணீர் ஏறியது என்கிறார் விற்றவர்.

1. நீங்கள் நுகர்வோரா, வியாபாரியா?

இது முதலில் தெளிவாக வேண்டும், ஏனென்றால் போகவேண்டிய வாசலே மாறிவிடும். வீட்டு உபயோகத்துக்கு வாங்கியிருந்தால் 2019 நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம். கொடுத்த விலை 50 லட்சத்துக்குள் என்றால் மாவட்ட ஆணையம். 5 லட்சம் வரை கட்டணமே கிடையாது. 2 ஆண்டுக்குள் புகார் கொடுக்க வேண்டும். நீங்கள் குடியிருக்கும் ஊரிலேயே கொடுக்கலாம். 1915 என்ற உதவி எண்ணில் பேசினாலே சில கடைக்காரர்கள் இறங்கி வந்துவிடுவார்கள். பில்லின் அடியில் "விற்ற பொருள் திரும்பப் பெறப்பட மாட்டாது" என்று அச்சடித்திருப்பதைக் கண்டு பின்வாங்க வேண்டாம். குறையுள்ள பொருளைத் திரும்ப எடுக்க மறுப்பதை அந்தச் சட்டமே முறையற்ற வணிக நடைமுறை என்கிறது.

மறுவிற்பனைக்கோ உற்பத்திக்கோ வாங்கியிருந்தால் பொதுவாக அந்த வாசல் மூடியிருக்கும். சுயதொழிலாக, தன் பிழைப்புக்கென்றே வாங்கிப் பயன்படுத்துபவருக்கு மட்டும் விதிவிலக்கு. வீட்டில் தையல் வேலை செய்பவர் வாங்கிய மிஷின் அதில் வரும். நம் மாதவரம் கம்பெனி வராது. இனி சொல்வதெல்லாம் வியாபாரிக்கும் வியாபாரிக்கும் இடையிலானது.

2. என்ன தருவதாகப் பேச்சு?

"நல்ல குவாலிட்டி" என்று வாய்ப்பேச்சில் முடித்த ஆர்டரை வைத்துக்கொண்டு தரத்தைப் பற்றிச் சண்டை போடுவது கடினம். 1930-ஆம் ஆண்டின் பொருள் விற்பனைச் சட்டம் சில அடிப்படைகளைத் தருகிறது. விவரம் சொல்லி விற்றால் சரக்கு அந்த விவரத்துக்குப் பொருந்த வேண்டும் (பிரிவு 15). எந்த வேலைக்கு வேண்டும் என்று சொல்லி, விற்பவரின் அனுபவத்தை நம்பி வாங்கினால் அந்த வேலைக்கு ஏற்றதாக இருக்க வேண்டும் (பிரிவு 16). சாம்பிள் காட்டி விற்றால் மொத்தச் சரக்கும் சாம்பிள் போலவே இருக்க வேண்டும் (பிரிவு 17).

ஆனால் 16-க்குள் ஒரு கொக்கி இருக்கிறது. வாங்குபவர் சரக்கைப் பார்த்துச் சோதித்துத்தான் எடுத்தார் என்றால், அந்தச் சோதனையிலேயே கண்ணில் பட்டிருக்க வேண்டிய குறையைப் பின்னால் கிளப்ப முடியாது. மறைந்திருந்த குறைக்கு மட்டும்தான் இடம்.

அதனால் பர்சேஸ் ஆர்டரில் அளக்கக்கூடியதை எழுதுங்கள். நம் உதாரணத்தில் எத்தனை ப்ளை, பேப்பரின் ஜிஎஸ்எம் (ஒரு சதுர மீட்டர் பேப்பர் எத்தனை கிராம்), பர்ஸ்டிங் ஸ்ட்ரெங்த் (எவ்வளவு அழுத்தத்தில் அட்டை கிழியும்), எத்தனை பெட்டி உயரம் அடுக்கலாம். இரண்டு பேரும் கையெழுத்திட்ட சாம்பிள் ஒன்று ஆளுக்கொன்று இருக்கட்டும். வாட்ஸ்அப்பில் ஆர்டர் போடுகிற பழக்கம் இருந்தால் அதுவும் செல்லும், அந்த மெசேஜில் அளவு இருக்கவேண்டும், அவ்வளவுதான்.

3. முதல் 15 நாள்

சப்ளையர் உத்யம் பதிவுள்ள (சிறு தொழில்களுக்கான மத்திய அரசுப் பதிவு) குறு அல்லது சிறு உற்பத்தியாளர் என்றால் 2006 எம்எஸ்எம்இ (குறு, சிறு, நடுத்தரத் தொழில்) வளர்ச்சிச் சட்டம் இந்தக் கணக்கை மிகத் துல்லியமாகப் போடுகிறது. சரக்கு இறங்கிய நாளிலிருந்து 15 நாளுக்குள் வாங்கியவர் எழுத்தில் ஆட்சேபம் சொல்லாவிட்டால், இறங்கிய நாளிலேயே ஏற்றுக்கொண்டதாகக் கருதப்படும். எழுத்தில் சொல்லிவிட்டால், அந்தக் குறையைச் சப்ளையர் தீர்த்த நாள்தான் ஏற்றுக்கொண்ட நாள். பணம் கொடுக்கவேண்டிய கெடு அதிலிருந்துதான் ஓடும். பேசிவைத்த கிரெடிட் எதுவும் இல்லையென்றால் 15 நாள். பேசியிருந்தாலும் 45 நாளைத் தாண்டக்கூடாது. "எங்க கம்பெனி பாலிசி 90 நாள்" என்று பெரிய கம்பெனிகள் சொல்வது இந்தச் சட்டத்தின் முன் நிற்காது.

வாங்குபவர் செய்ய வேண்டியது: சரக்கு இறங்கியதும் எண்ணிப் பார்த்து, டெலிவரி சலானில் "எண்ணிக்கை மட்டும் சரிபார்க்கப்பட்டது, தரம் சோதனைக்கு உட்பட்டது" என்று எழுதி சீல் வையுங்கள். வாட்ச்மேன் கையெழுத்துப் போட்டு அனுப்பிவிடுவதுதான் நம் ஊர் வழக்கம், பிற்பாடு கழுத்தைப் பிடிப்பதும் அந்தக் கையெழுத்துத்தான். குறை தெரிந்த அன்றே மெயில் போடுங்கள். இப்படி எழுதினால் போதும்:

"உங்கள் இந்த எண், இந்தத் தேதி பில்லின்படி எங்கள் மாதவரம் கிடங்கில் இந்தத் தேதியில் இறங்கிய 12,000 பெட்டிகளில், வெவ்வேறு கட்டுகளிலிருந்து 50 பெட்டிகளை எடுத்துப் பார்த்தோம். ஆர்டரில் சொன்ன பர்ஸ்டிங் ஸ்ட்ரெங்த் இல்லை. படங்கள் இணைப்பில். மீதிச் சரக்கைப் பயன்படுத்தாமல் தனியாக வைத்திருக்கிறோம். மூன்று நாளுக்குள் உங்கள் ஆளை அனுப்பிப் பார்க்கச் சொல்லுங்கள். அதுவரை இந்தப் பில்லுக்கான தொகையை நிறுத்தி வைக்கிறோம்."

எந்த பில், எத்தனை, என்ன குறை, சரக்கு இப்போது எங்கே என்பதெல்லாம் இதில் இருக்கிறது. "உங்க சரக்கு படு மோசம்" என்ற ஒற்றை வரி மெசேஜ் கோபத்தைக் காட்டும், குறையைக் காட்டாது.

சப்ளையர் செய்ய வேண்டியது: இந்த மெயிலுக்கு அன்றோ மறுநாளோ பதில் போட வேண்டும். "பார்க்கிறோம் சார்" என்று போனில் சமாதானம் சொல்லிவிட்டு விட்டுவிடுவது பெரிய ஆபத்து. ஆளை அனுப்புங்கள், கிடங்கைப் படம் எடுக்கச் சொல்லுங்கள். கீழ் வரிசை மட்டும் நசுங்கியிருக்கிறதா, தரையில் மரப்பலகை போட்டிருக்கிறதா, சுவரில் ஈரக்கறை இருக்கிறதா, எத்தனை உயரம் அடுக்கியிருக்கிறார்கள்? இவை ஒரு வாரம் கழித்துப் போனால் கிடைக்காது. பார்த்ததை இரு தரப்பும் ஒரு தாளில் எழுதிக் கையெழுத்திட்டால் பாதிச் சண்டை அங்கேயே முடியும்.

குறை ஒரு மாதம் கழித்துத்தான் வெளியே தெரிந்தது என்றால்? 15 நாள் தாண்டியதால் பணக்கெடு ஓடத் தொடங்கியிருக்கும். ஆனாலும் மறைந்திருந்த குறைக்கான நஷ்டத்தைக் கேட்கும் உரிமை அதனால் போய்விடாது. ஏன் முன்பே தெரிந்திருக்க வழியில்லை என்பதை நிரூபிக்கும் பாரம் வாங்கியவர் தலையில் ஏறும்.

4. வேண்டாம் என்றால் தொடக்கூடாது

இங்கேதான் வாங்கியவர்களில் பலர் வழுக்குகிறார்கள். பெட்டி மட்டம் என்று மெயிலும் போட்டுவிட்டு, பண்டிகை அவசரத்துக்கு அதே பெட்டிகளில் மிக்சர் அடைத்துக் கடைகளுக்கு அனுப்பியும் விடுவார்கள். விற்றவருக்கே சொந்தம் என்ற நிலைக்கு முரணாகச் சரக்கைக் கையாண்டால், அல்லது மறுப்புச் சொல்லாமல் நியாயமான காலத்துக்கு மேல் வைத்துக்கொண்டால், ஏற்றுக்கொண்டதாகவே பொருள் விற்பனைச் சட்டத்தின் 42-ஆம் பிரிவு எடுத்துக்கொள்ளும். அதன்பின் மொத்தப் பணத்தையும் மறுக்க முடியாது. 59-ஆம் பிரிவின்படி விலையைக் குறைக்கக் கேட்கலாம், நஷ்டஈடு கேட்கலாம், அவ்வளவே.

மறுத்துவிட்டால் சரக்கைத் திருப்பி அனுப்புவது வாங்கியவர் கடமை இல்லை. வேண்டாம் என்று தெரிவித்தாலே போதும் என்கிறது பிரிவு 43. ஒப்பந்தத்தில் வேறு மாதிரி எழுதியிருந்தால் அதுதான். வண்டி வாடகை யாருடையது என்ற சண்டையில் சரக்கு மழையில் நனைவதுதான் நடக்கிறது, அதனால் வாடகையையும் ஆர்டரிலேயே எழுதிவிடுங்கள். சரக்கைத் திருப்பி அனுப்பினால் வெறும் லாரி ரசீது போதாது. டெபிட் நோட்டு அல்லது ரிட்டர்ன் சலான், மதிப்புக்கு ஏற்ப இ-வே பில் எல்லாம் வேண்டும்.

5. சோதனைச் சாலை

உங்கள் ஆளே சோதித்து எழுதிய ரிப்போர்ட்டை எதிர்த்தரப்பு ஒரு நொடியில் ஒதுக்கிவிடும். என்ஏபிஎல் (ஆய்வகங்களுக்கான தேசிய அங்கீகார வாரியம்) அங்கீகாரம் உள்ள வெளி ஆய்வகத்துக்குப் போங்கள். சென்னை இந்த விஷயத்தில் கொடுத்துவைத்த ஊர். தோலுக்கு அடையாறில் மத்திய தோல் ஆராய்ச்சி நிறுவனம், பிளாஸ்டிக்குக்குக் கிண்டியில் சிபெட், பல வகைப் பொருளுக்குத் தரமணியில் நேஷனல் டெஸ்ட் ஹவுஸ், பேக்கேஜிங்குக்கு இந்தியன் இன்ஸ்டிடியூட் ஆஃப் பேக்கேஜிங்கின் சென்னை மையம்.

ரிப்போர்ட்டைவிட சாம்பிள் எடுத்த விதம்தான் அதிகம் தாக்கப்படும். இரு தரப்பு ஆளும் இருக்கும்போது, வெவ்வேறு கட்டுகளிலிருந்து எடுத்து, மூன்று செட்டாகக் கட்டி, கையெழுத்துப் போட்டு சீல் வையுங்கள். ஒன்று ஆய்வகத்துக்கு, மற்றவை ஆளுக்கொன்று. எதிர்த்தரப்பு வர மறுத்தால், அழைத்த மெயிலே உங்களுக்குச் சாட்சி. அட்டைப்பெட்டி போன்ற பொருளை ஆய்வகத்தில் குறிப்பிட்ட வெப்பத்திலும் ஈரப்பதத்திலும் வைத்த பிறகுதான் சோதிப்பார்கள், அதனால் "மழைக்காலம் சார்" என்ற வாதம் ஓரளவு அடிபடும். ஆனால் ஏற்கெனவே நனைந்து காய்ந்த பெட்டியை அனுப்பினால் ரிப்போர்ட் எதையும் நிரூபிக்காது. நல்ல வரிசையிலிருந்தும் எடுங்கள், நசுங்கிய வரிசையிலிருந்தும் எடுங்கள். இரண்டிலும் பேப்பர் மட்டம் என்றால் சப்ளையர் மாட்டினார். ஒன்றில் மட்டும் என்றால் கிடங்கு மாட்டியது.

வாட்ஸ்அப், மெயில் எல்லாவற்றையும் போனிலேயே வைத்திருங்கள், அழிக்காதீர்கள். 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் இருக்கும் பாரதிய சாட்சிய சட்டத்தின் 63-ஆம் பிரிவுப்படி மின்னணுச் சாட்சியத்துக்குச் சான்றிதழ் தரவேண்டும். வெறும் ஸ்க்ரீன்ஷாட் பிரிண்ட் போதாது.

6. கணக்குப் புத்தகமும் ஜிஎஸ்டியும்

சப்ளையர்கள் கவனிக்கத் தவறும் ஒரு ஆயுதம் இருக்கிறது. வாங்கியவர் உங்கள் பில்லுக்கு உள்ளீட்டு வரிச் சலுகை (வாங்கும்போது கட்டிய ஜிஎஸ்டியைத் தன் வரியில் கழித்துக்கொள்வது) எடுத்துக்கொண்டாரா என்று பாருங்கள். "சரக்கே குப்பை" என்பவர் அந்தச் சரக்கின் வரியை முழுசாக எடுத்துக்கொண்டு, சரக்கைத் திருப்பியதாகக் காட்டாமல் இருந்தால், ஏற்றுக்கொண்டார் என்பதற்கு அது ஒரு நல்ல அடையாளம். பில் தேதியிலிருந்து 180 நாளுக்குள் பணம் தராவிட்டால் அந்தச் சலுகையை அவர் வட்டியோடு திருப்பவும் வேண்டும். குறு, சிறு யூனிட்டுக்குக் கெடுவுக்குள் பணம் தராத செலவை, பணம் கொடுத்த ஆண்டின் வருமான வரிக் கணக்கில்தான் கழிக்க முடியும் என்ற விதியும் 2023 நிதிச் சட்டத்தில் வந்துவிட்டது. நோட்டீசில் இவற்றைச் சொன்னால், எதிர்த்தரப்பின் ஆடிட்டரே முதலாளியிடம் பேசத் தொடங்குவார்.

ஆண்டுதோறும் மார்ச் முடிந்ததும் பேலன்ஸ் கன்ஃபர்மேஷன் (பாக்கி இவ்வளவு என்ற எழுத்து ஒப்புதல்) வாங்கி வையுங்கள். பணம் கேட்டு வழக்குப் போட 3 ஆண்டு கெடு. அந்தக் கெடுவுக்குள் கையெழுத்திட்ட ஒப்புதலோ பகுதிப் பணமோ வந்தால் கெடு புதிதாகத் தொடங்கும். வாய்தா கேட்டுக்கொண்டே மூன்று வருடத்தை ஓட்டுகிற பார்ட்டிகளும் இருக்கிறார்கள்.

7. செக் கையில் இருந்தால்

பின்தேதியிட்ட செக் கொடுத்துவிட்டு, சரக்கு சரியில்லை என்று "ஸ்டாப் பேமென்ட்" போடுவார்கள். அதுவும் செக் திரும்பும் குற்றத்துக்கான, மாற்றுமுறை ஆவணச் சட்டத்தின் 138-ஆம் பிரிவுக்குள் வரக்கூடியதுதான். செக் திரும்பிய தகவல் கிடைத்த 30 நாளுக்குள் நோட்டீஸ், அது கிடைத்து 15 நாள் அவகாசம், அதற்குப்பின் ஒரு மாதத்துக்குள் புகார். இந்த நாட்களில் ஒன்றைத் தவறவிட்டாலும் வழக்கு ஆட்டம் காணும். கடனுக்காகத்தான் செக் கொடுக்கப்பட்டது என்று சட்டம் முன்கூட்டியே ஊகிப்பதால் பாரம் கொடுத்தவர் மேல்.

செக் கொடுத்த வாங்குபவருக்கும் வழி உண்டு. செக் பேங்குக்கு வந்த அன்று கணக்கில் பணம் இருந்தது, தரக்குறைவால்தான் நிறுத்தினேன் என்று காட்ட வேண்டும். அதற்கு அன்றைய பேங்க் ஸ்டேட்மென்ட்டும், செக் தேதிக்கு முன்பே அனுப்பிய குறை மெயிலும் வேண்டும். மெயில் செக் திரும்பிய பிறகு போட்டது என்றால் நம்புவது கஷ்டம்.

8. நோட்டீஸ், அப்புறம் எந்த வாசல்

நோட்டீஸ் சுருக்கமாக இருக்கட்டும்: பில்கள், டெலிவரி ஆதாரம், 15 நாளில் குறை சொல்லாதது, தொகை, கெடு. வாங்கியவருக்கு நோட்டீஸ் வந்தால் பதில் போடாமல் இருக்கக் கூடாது. பதிலில் புதிதாக ஒரு குறையைக் கண்டுபிடிக்கவும் கூடாது.

சப்ளையர் குறு, சிறு உற்பத்தியாளர் என்றால் என் சிபாரிசு முதலில் எம்எஸ்எம்இ ஃபெசிலிடேஷன் கவுன்சில், அதாவது அந்தச் சட்டத்தின் கீழ் பாக்கித் தகராறுகளை விசாரிக்கும் அமைப்பு. ஆன்லைனில் விண்ணப்பிக்கலாம். வாங்கியவர் டெல்லியில் இருந்தாலும் சப்ளையர் இருக்கும் இடத்து கவுன்சில் எடுத்துக்கொள்ளும். முதலில் சமரசம், முடியாவிட்டால் நடுவர் விசாரணை. வட்டி ரிசர்வ் வங்கியின் பேங்க் ரேட்டைப்போல் மூன்று மடங்கு, மாதம்தோறும் கூட்டுவட்டி. பேங்க் ரேட் 6 சதவீதம் என்று வைத்தால் 6 லட்சத்துக்கு ஒரு வருடத்தில் வட்டி மட்டும் சுமார் 1.17 லட்சம். தீர்ப்பை எதிர்த்து வாங்கியவர் கோர்ட்டுக்குப் போனால் தொகையில் 75 சதவீதத்தை முதலில் கட்ட வேண்டும். சட்டம் 90 நாளில் முடிக்கச் சொல்கிறது, நடைமுறையில் அதைவிட இழுக்கும்.

இரண்டு எச்சரிக்கைகள். உத்யம் பதிவு சப்ளைக்கு முன்பே இருக்க வேண்டும். தகராறு வந்த பிறகு பதிவு செய்து ஓடி வராதீர்கள். வெறும் வாங்கி விற்கும் வியாபாரிகளுக்கு 2021 முதல் உத்யம் பதிவு கிடைத்தாலும் அது வங்கிக் கடன் சலுகைக்கு மட்டும், இந்த வாசலுக்கு இல்லை. சௌகார்பேட்டை மொத்த வியாபாரிகள் பலர் இதில் ஏமாந்துபோகிறார்கள். வாங்கியவரும் சும்மா நிற்க வேண்டியதில்லை. தரக்குறைவுக்கான எதிர்க்கோரிக்கையை அதே கவுன்சிலில் வைக்கலாம் என்று சுப்ரீம் கோர்ட் 2021-இல் சொல்லிவிட்டது.

மற்றவர்களுக்கு வணிக நீதிமன்றம். தொகை 3 லட்சமும் அதற்கு மேலும் என்றால் அவசரத் தடை கேட்காத வழக்குகளுக்கு முன் சமரசம் கட்டாயம். 1,000 ரூபாய் கட்டி மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் மனுக் கொடுக்க வேண்டும். இதைத் தாண்டிப் போட்ட வழக்கு நிராகரிக்கப்படும். சமரசத்தில் போன நாட்கள் 3 ஆண்டுக் கணக்கில் சேராது. ஒரு கோடிக்கு மேல் என்றால் சென்னை உயர் நீதிமன்றத்தின் வணிகப் பிரிவு. தமிழ்நாட்டில் கோர்ட் ஃபீஸ் 2017 முதல் 3 சதவீதம், ஆக 6 லட்சத்துக்கு 18,000 ரூபாய். எதிர்த்தரப்பு 120 நாளுக்குள் பதில் தராவிட்டால் அந்த உரிமையையே இழக்கும்.

திவால் சட்டத்தில் தேசிய கம்பெனி சட்டத் தீர்ப்பாயத்துக்குப் போகலாமே என்று சிலர் கிளப்பிவிடுவார்கள். பாக்கி குறைந்தது 1 கோடி இருக்க வேண்டும். அதோடு, டிமாண்ட் நோட்டீசுக்கு முன்பே தரம் பற்றிய உண்மையான தகராறு இருந்தால் மனு நிற்காது. 2017-இல் மொபிலாக்ஸ் வழக்கில் சுப்ரீம் கோர்ட் இதைத் தெளிவாக்கியது. முதல் 15 நாளில் போட்ட குறை மெயில் இங்கேயும் வந்து நிற்கிறது. போலீஸ் ஸ்டேஷன்? ஆரம்பத்திலிருந்தே ஏமாற்றும் எண்ணம் இருந்தது என்று காட்ட முடிந்தால் தவிர, பணப் பாக்கிக்கு அங்கே போய் நேரத்தைத் தொலைக்க வேண்டாம்.

9. பேசி முடிக்கும்போது

நம் பெட்டித் தகராறில் ஆய்வு ரிப்போர்ட், கிடங்குப் படம் எல்லாம் வந்தபின் 4,000 பெட்டி நிஜமாகவே தரக்குறைவு என்று தெரிகிறது என்று வையுங்கள். 2 லட்சத்துக்கு கிரெடிட் நோட்டு (சப்ளையர் பில் தொகையைக் குறைத்துத் தரும் சீட்டு), மீதி 4 லட்சம் இரண்டு தவணையில் என்று முடிக்கலாம். அதை எழுதும்போது எந்தெந்த பில், எவ்வளவு தள்ளுபடி, தவணைத் தேதிகள், ஒரு தவணை தவறினால் முழுத் தொகையும் வட்டியோடு உடனே, நசுங்கிய பெட்டிகளை யார் எடுத்துப் போவது என்பதெல்லாம் இருக்கட்டும். ஜிஎஸ்டியைக் குறைக்க வேண்டுமானால் கிரெடிட் நோட்டை, சரக்கு அனுப்பிய நிதியாண்டு முடிந்தபின் வரும் நவம்பர் 30-க்குள் ரிட்டர்னில் காட்ட வேண்டும், இல்லையேல் அந்த வரி சப்ளையர் தலையில். கவுன்சிலிலோ சமரச மையத்திலோ வழக்கு ஓடிக்கொண்டிருந்தால் ஒப்பந்தத்தை அங்கேயே பதிவு செய்யுங்கள். அப்போது அடுத்த தவணை வராவிட்டால் புது வழக்குப் போடாமல் நேரே நிறைவேற்று மனுவுக்குப் போய்விடலாம்.